ஒரு படி நெல்லுக்கு இரண்டு கணக்கு
(பள்ளிப் பரிசளிப்பு விழாவில் ஆசிரியை ஒருவர் ஆற்றிய உரை)



எனக்குக் கொடுக்கப்பட்ட தலைப்பு 'இலக்கியத்திலும் ஆராய்ச்சியிலும் நெல்'. தலைப்பைக் கேட்டதும் என்னோடு பணியாற்றும் ஒருவர், "திரிங்காப்புல தேயிலை இருக்கு, முட்டைக்கோஸ் இருக்கு, தக்காளி இருக்கு. நெல்லு எங்கே இருக்கு டீச்சர்?" என்று சிரித்தார். அவர் கேட்டது நியாயமே. நம்மைச் சுற்றி வயல் கிடையாது. ஆனால் சோறு இல்லாத நாள் ஒன்று நம் வீட்டில் உண்டா? மூன்றாம் வகுப்புப் பிள்ளைகளிடம் நெல்லை வரையச் சொன்னேன். பாதிப் பேர் பத்துக் கிலோ அரிசிப் பையை வரைந்து கொடுத்தார்கள். ஒரு பையன் மட்டும் மரம் வரைந்தான். அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. பார்த்ததைத்தானே பிள்ளைகள் வரையும்?

வயலில் இருந்தால் நெல், உமி நீங்கினால் அரிசி, வெந்தால் சோறு என்று நாம் மூன்று பெயர் சொல்கிறோம். மலாய்க்காரர்களும் பாடி, பெராஸ், நாசி என்று மூன்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஆங்கிலேயனுக்கு எல்லாமே ரைஸ்தான். வயலில் நிற்பதைத் தனியாகச் சொல்ல வேண்டி வந்தபோது மலாய்க்காரரின் 'பாடி'யையே கடன் வாங்கி 'பேடி' என்றான். நட்டு, குற்றி, சமைத்து வாழ்ந்த மக்களுக்குத்தான் மூன்று சொல் தேவைப்படும்.

நம் முன்னோர் அப்படிப்பட்ட மக்களே. தஞ்சாவூர், திருச்சிராப்பள்ளி, சேலம், வட ஆற்காடு, தென் ஆற்காடு ஆகிய மாவட்டங்களிலிருந்து பெருந்தொகையானோர் நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறிப் பினாங்கில் இறங்கினார்கள். 1938-இல் இந்திய அரசு தொழிலாளர்களை அனுப்புவதை நிறுத்தும் வரை இது நடந்தது. வந்தவர்களில் மிகப் பலர் பிறர் வயலில் நாற்று நட்டவர்கள். சொந்தமாக ஒரு குழி நிலம் இல்லாதவர்கள். விளைய வைத்தவனுக்கே சோறு இல்லாமல் போனதால்தான் கடல் கடந்தார்கள். ஆகவே நெல்லைப் பற்றிப் பேசுவது நம் குடும்பக் கதையைப் பேசுவதாகும்.

அன்பர்களே, நெல்லுக்கு இரண்டு கணக்குப் புத்தகங்கள் உண்டு. ஒன்றை ஆராய்ச்சியாளர் எழுதுகிறார். எந்த விதை, எத்தனை நாள் பயிர், எத்தனை மூட்டை என்பது அந்தக் கணக்கு. மற்றொன்றைப் புலவரும் கதாசிரியரும் எழுதுகிறார்கள். நட்டது யார், அறுத்தது யார், உண்டது யார் என்பது இந்தக் கணக்கு. இரண்டையும் சேர்த்துப் படிக்க வேண்டும் என்பதே நான் இன்று சொல்ல வந்த செய்தி.

முதலில் ஆராய்ச்சிக் கணக்கைப் பார்ப்போம். கடையில் நாம் வாங்கும் பொன்னி அரிசியையே எடுத்துக்கொள்வோம். பொன்னி என்பது காவிரியின் பெயர். அதனால் அது முழுக்க முழுக்கத் தமிழ்நாட்டு நெல் என்று நினைக்கிறோம். அதன் பூர்வீகம் எங்கே தெரியுமா? பாதி நம்ம மலேசியாவில்!

ஒரிசாவில் உள்ள கட்டாக் நகரில் 1946-இல் மத்திய நெல் ஆராய்ச்சி நிலையம் தொடங்கப்பட்டது. அதன் முதல் இயக்குநர் கே. இராமையா, தமிழ்நாட்டில் பிறந்தவர். 1950-ஆம் ஆண்டுவாக்கில் ஐ.நா.வின் உணவு விவசாய நிறுவனம் அங்கே ஒரு பெரிய முயற்சியில் இறங்கியது. நம் வெப்ப நாட்டு நெற்பயிர் நெடிது வளரும். உரம் போட்டால் கனம் தாங்காமல் சாய்ந்துவிடும். ஜப்பானிய வகை நெல் உரத்தைத் தாங்கி நிற்கும். ஆனால் நம் வெயிலுக்கு ஒத்துவராது. இரண்டையும் கலந்தால் என்ன என்று ஆசிய நாடுகள் பலவற்றிலிருந்தும் விதைகளை வரவழைத்துக் கலந்தார்கள்.

அந்த ஒரே முயற்சியில் பிறந்தவற்றில் இரண்டைச் சொல்கிறேன். ஒன்று தஞ்சை ஆடுதுறை நிலையம் தந்த ஏ.டி.டி. 27. மற்றொன்று நம் நாட்டில் செபராங் பிறையின் புக்கிட் மேரா நிலையத்தில் தேர்ந்தெடுக்கப்பட்டு 1965-இல் வெளியான மாசூரி. மாயாங் எபோஸ் என்ற மலாயா நெல்லும் தைச்சுங் 65 என்ற தைவான் நெல்லும் மாசூரியின் பெற்றோர்.

மாசூரி இந்தியாவுக்குப் போன கதை சுவையானது. அங்குள்ள ஆராய்ச்சிப் பண்ணையில் அது சாய்கிறது என்று தள்ளிவிட்டார்களாம். ஆந்திராவில் ஒரு பண்ணைத் தொழிலாளி அந்த விதையில் கொஞ்சம் எடுத்துச் சென்று விதைக்க, அது கைக்குக் கை மாறிப் பல மாநிலங்களுக்குப் பரவியது என்று வேளாண் அறிஞர்கள் எழுதியிருக்கிறார்கள். படித்தவர் தள்ளியதைப் பாடுபட்டவர் காப்பாற்றினார்! பின்னர் 1986-இல் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் மாசூரியிலிருந்து தேர்ந்தெடுத்து வெளியிட்டதுதான் வெள்ளைப் பொன்னி. மலாய் விவசாயியின் வயல் நெல் காவிரிக் கரைக்குப் போய், தமிழ்ப் பெயர் சூட்டிக்கொண்டு, கப்பலேறி, இப்போது நம் தட்டுக்கு வந்திருக்கிறது. நம்மைப் போலவே அதுவும் கடல் கடந்த உயிர்.

இந்தக் கணக்கில் பெருமைப்பட நிறைய உண்டு. ஆனால் ஒன்று விடுபட்டுவிடுகிறது. விளைச்சல் கூடியது, கூடியதில் நட்டவருக்கு என்ன கிடைத்தது? இதற்குப் பதில் இரண்டாவது புத்தகத்தில் இருக்கிறது.

சங்கப் புலவர்கள் வயலும் வயல் சார்ந்த நிலத்தை மருதம் என்று பெயரிட்டுப் பாடினார்கள். வள்ளுவர் உழவுக்கென்றே 104-ஆம் அதிகாரத்தை ஒதுக்கினார். பின்னால் வந்த பள்ளு இலக்கியம் உழவனையே கதைத் தலைவனாக்கியது. திருநெல்வேலிச் சீமையைப் பாடும் முக்கூடற் பள்ளை வாசித்துப் பாருங்கள். ஒரு வேளாண்மைக் கல்லூரியே அதற்குள் இருக்கிறது. நெல் வகைகள் வரிசையாக வரும், மாட்டு வகைகள் வரும், கலப்பையின் உறுப்புகள் வரும். அதே நூலில் பண்ணைக்காரன் உழவனைத் தொழுவில் மாட்டித் தண்டிக்கும் காட்சியும் வருகிறது. விதையின் பெயரைச் சொன்ன புலவர், விதைத்தவன் காலில் கிடந்த கட்டையையும் மறைக்கவில்லை.

நம் காலத்துக்கு வருவோம். 1960-களில் தஞ்சை மாவட்டம் புது விதையாலும் உரத்தாலும் விளைச்சலைப் பெருக்கிக் காட்ட அரசு தேர்ந்தெடுத்த இடம். அதே மாவட்டத்துக் கீழ்வெண்மணியில், கூலியாகக் கொஞ்சம் நெல் கூட்டிக் கேட்ட தகராறின் முடிவில், 1968 டிசம்பர் 25 அன்று குடிசைக்குள் 44 உயிர்கள் எரிக்கப்பட்டன. பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். விளைச்சல் அட்டவணையில் அந்த ஆண்டைத் தேடினால் இத்தனை மூட்டை என்று மட்டும் இருக்கும். அந்த 44 பேரை நினைவில் நிறுத்தியவற்றுள் இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவலும் ஒன்று. ராஜம் கிருஷ்ணன் தஞ்சை வயல்களுக்கே நேரில் சென்று கேட்டறிந்து 'சேற்றில் மனிதர்கள்' எழுதினார். பெரிய மாணவர்கள் இவற்றைத் தேடி வாசிக்க வேண்டும்.

இந்த இரண்டாவது கணக்கைத் தமிழர் மட்டும் எழுதவில்லை. கெடாவில் சிக் வட்டாரத்தில் நெல் விவசாயக் கிராமத்தில் பிறந்த சானோன் அமாட், 1966-இல் 'ரஞ்சாவ் செபாஞ்சாங் ஜாலான்' என்ற நாவலை வெளியிட்டார். வழி நெடுக முள் என்று பொருள். லாஹுமா, அவன் மனைவி ஜேஹா, ஏழு பெண் பிள்ளைகள். வயலில் நிபோங் முள் குத்தி, கால் வீங்கி, லாஹுமா செத்துப்போகிறான். வெள்ளம், நண்டுக் கூட்டம், கதிரைத் தின்னும் குருவிக் கூட்டம் என்று ஒன்றன்பின் ஒன்றாக வர, ஜேஹாவுக்குப் புத்தி பேதலிக்கிறது. மூத்த மகள் சானா குடும்பத்தைச் சுமக்கிறாள். கம்போடிய இயக்குநர் ரித்தி பான் 1994-இல் இக்கதையைத் தம் நாட்டுப் படமாகவே எடுத்தார். பெயரை மாற்றினால் நம் பாட்டன் கிராமத்துக் கதையாகவும் ஆகிவிடும். பசிக்கு இன பேதம் ஏது?

அதே கெடாவில் 1970-இல் மூடா ஆற்றுத் திட்டம் மூலம் ஆண்டுக்கு இருபோகம் பயிரிடும் முறை வந்தது. ஏறக்குறைய 96,000 ஹெக்டேர் வயல். நாட்டின் நெற்களஞ்சியம் என்று பாடப் புத்தகத்தில் படிக்கிறோமே, அதுதான். ஜேம்ஸ் ஸ்காட் என்ற அமெரிக்க அறிஞர் 1978 முதல் 1980 வரை அங்கே ஒரு சிற்றூரில் குடியிருந்து ஆராய்ந்தார். ஊராருக்குச் சங்கடம் வரக் கூடாது என்று ஊர்ப் பெயரைச் 'செடாகா' என்று மாற்றி எழுதினார். இருபோகம் வந்த தொடக்கத்தில் ஏழைகளுக்கும் வேலை கூடியது. சில ஆண்டுகளில் அறுவடை இயந்திரம் வந்தது. கையால் அறுத்தவர், அடித்தவர், சிந்திய கதிரைப் பொறுக்கி வயிறு கழுவிய பெண்கள் எல்லாருக்கும் பிழைப்புப் போயிற்று. நடவுப் பெண்கள் சண்டை போடவில்லை. இயந்திரம் வைத்து அறுத்தவர் வயலுக்கு நட வராமல் சாக்குச் சொல்லித் தாமதித்தார்கள். எளியவர்கள் சத்தமில்லாமல் காட்டும் இந்த எதிர்ப்பை ஸ்காட் 1985-இல் புத்தகமாக எழுதினார். ஆராய்ச்சியும் இலக்கியத்தைப் போல மனிதர் பேச்சுக்குக் காது கொடுக்கலாம் என்பதற்கு அது நல்ல உதாரணம்.

பெற்றோர்களே, இது நமக்குப் புதிய செய்தியா? கையால் கிள்ளிய கொழுந்தை இன்று இரண்டு பேர் பிடித்துக்கொண்டு நடக்கும் இயந்திரம் வெட்டவில்லையா? இம்மலையில் இன்று வேலை செய்பவர்களில் பலர் வங்காள தேசத்திலிருந்தும் நேப்பாளத்திலிருந்தும் வந்தவர்கள். அவர்களும் ஏதோ ஒரு வரப்பை விட்டுவிட்டு வந்தவர்கள்தாம். நம் தாத்தா வந்து இறங்கிய நாளில் அவரை ஏளனமாகப் பார்த்தவர்களைப் போல நாமும் அவர்களைப் பார்க்கலாகாது.

நெல் நம்மைவிட்டு எட்டத்தில் இருக்கிறது என்பதும் மயக்கமே. 1942 முதல் 1945 வரை ஜப்பானியர் ஆட்சியில் பர்மா, சயாம் அரிசி வரத்து குலைந்தபோது தோட்டத்து மக்கள் மரவள்ளிக் கிழங்கைத் தின்று காலம் தள்ளினார்கள். அது பழங்கதை என்பீர்கள். 2023 ஜூலையில் இந்தியா பாஸ்மதி அல்லாத வெள்ளை அரிசியின் ஏற்றுமதியைத் தடை செய்தது. செப்டம்பரில் இங்கே இறக்குமதி வெள்ளை அரிசி டன் 2,350 ரிங்கிட்டிலிருந்து 3,200 ரிங்கிட்டுக்கு ஏறியது. பத்துக் கிலோ 26 ரிங்கிட் என்ற உள்நாட்டு அரிசி கடைத் தட்டிலிருந்து மாயமானது. தடை 2024 செப்டம்பரில் நீங்கியது. ஆனாலும், "டீச்சர், எங்கம்மா அரிசியை அளந்து போடுறாங்க" என்று ஒரு பிள்ளை அப்போது என்னிடம் சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது.

அப்படியானால் நாமே இங்கு விளைவித்தால் என்ன? அறிவியல் மன்றப் பிள்ளைகள் தஞ்சோங் காராங்கிலிருந்து ஒரு பெற்றோர் வாங்கி வந்த விதையை வாளிகளில் நட்டார்கள். பயிர் நன்றாகத்தான் வளர்ந்தது. கதிரும் தலை காட்டியது. உருவிப் பார்த்தால் முக்கால் பங்கு பதர்! கதிர் தாளுக்குள் சூல்கொள்ளும் நாட்களில் குளிர் அதிகமானால் மகரந்தம் கெட்டு மணி பிடிக்காது. நம் மலை இரவின் குளிரை அந்தச் சமவெளி நெல் தாங்கவில்லை. ஆனால் இதே மலைத்தொடரின் தாழ்ந்த சரிவுகளில் செமாய் மக்கள் மழையை மட்டும் நம்பி மலைநெல் விதைத்து வந்திருக்கிறார்கள். எந்த விதை எந்த இடத்துக்கு ஒத்துவரும் என்ற அறிவு அவர்களிடமும் இருக்கிறது.

அந்த வாளிகளால் ஒரு நன்மை விளைந்தது. ஒரு பாட்டியம்மா பள்ளிக்கு வந்து அந்தக் கதிரைத் தடவிப் பார்த்து, "இது கருக்காய்டா கண்ணு" என்றார். பிறகு நாற்றங்கால், பரம்பு, மடை, நாற்றுமுடி, களம், தவிடு, நொய், மரக்கால் என்று சொல்லிக்கொண்டே போனார். வயலையே காணாத தோட்டத்தில் பிறந்தவர்! எல்லாம் அவருடைய தாயார் சொல்லக் கேட்டவை. பிள்ளைகள் எழுத எழுத இரண்டு பக்கம் நிறைந்தது.

அன்பான பெற்றோர்களே, உங்கள் வீட்டிலும் அப்படிப்பட்ட பெரியவர் இருப்பார். அவர் இருக்கும்போதே பிள்ளையை அருகில் உட்காரவைத்துக் கேட்டு எழுதச் சொல்லுங்கள். எந்த ஊர், யாருடைய வயல், கூலி நெல்லா காசா, ஏன் கப்பலேறினார்கள் என்று கேட்கட்டும். அடுத்த தவணையில் பள்ளி நூல்நிலையத்தில் அதற்கென ஒரு தடித்த நோட்டுப் புத்தகம் வைக்கப் போகிறோம். இரண்டாவது கணக்கில் நம் தோட்டத்துப் பக்கங்கள் இன்னும் எழுதப்படாமலே இருக்கின்றன. நாம் எழுதாவிட்டால் யார் எழுதுவார்கள்?

மாணவச் செல்வங்களே, இன்று பரிசு பெறுவோரில் ஒருவர் நாளை குளிர் தாங்கும் நெல்லைக் கண்டுபிடிக்கலாம். இன்னொருவர் நட்டவர் கதையை நாவலாக எழுதலாம். விதையைக் கண்டுபிடிப்பவர் நட்டவரை மறவாதீர்கள்; கதை எழுதுபவர் விதையின் பெயரைத் தெரிந்துகொண்டு எழுதுங்கள். இன்றிரவு சாப்பிட உட்காரும்போது தட்டில் ஒரு பருக்கையும் மீதம் வைக்காமல் உண்ணுங்கள். அதற்குப் பின்னால் எத்தனை கைகள் இருக்கின்றன என்று இப்போது உங்களுக்குத் தெரியும்.