பூஞ்சை போன்றதொரு காலத்தூதன்



காலத்தைக் கடந்து செய்தி அனுப்பும் கருவியொன்றைக் காணவேண்டும் என்னும் ஆசை கதாசிரியர்களை நெடுநாளாக ஆட்டிவைத்து வருகிறது. 1948-இல் ஐசக் அசிமோவ் எழுதிய வேடிக்கைக் கட்டுரையொன்றில் தயோடிமோலின் என்னும் கற்பனைப் பொருள் வருகிறது. தண்ணீர் ஊற்றுவதற்கு முன்னமேயே அது கரைந்துவிடுமாம். 1980-இல் வெளிவந்த கிரிகரி பென்போர்டின் ‘டைம்ஸ்கேப்’ நாவலில், 1998-ஆம் ஆண்டில் பேரழிவின் விளிம்பில் நிற்கும் விஞ்ஞானிகள், ஒளியையும் விஞ்சும் வேகமுடைய துகள்களைக் கொண்டு 1962-ஆம் ஆண்டினருக்கு எச்சரிக்கை விடுக்கிறார்கள். இவை யாவும் பின்னோக்கிச் செல்லும் தூது. கதையில் மட்டுமே செல்லும் தூது. ஆனால் இன்றைய செய்தியை நாளைக்கு அனுப்பும் உயிர்க்கருவி ஒன்று மெய்யாகவே உண்டு. காட்டில் இற்றுப்போன மரக்கட்டைகளின்மீது மஞ்சள் நிறத்தில், கொட்டிய கூழைப் போலப் படர்ந்து கிடக்கும் அதனைப் பார்ப்பவர், “பூஞ்சை” என்று சொல்லிக் கடந்து போய்விடுவர்.

அது பூஞ்சையன்று. முற்காலத்து அறிஞர்கள் அதனைப் பூஞ்சை இனத்திலேதான் சேர்த்திருந்தனர். இன்று அமீபாவின் சுற்றத்தில் வைத்திருக்கின்றனர். ஆங்கிலத்தில் ‘ஸ்லைம் மோல்டு’ என்பர். தமிழில் சளிப்பூஞ்சை எனலாம். உங்கள் பிள்ளைகள் டில்லியிலோ நாகபுரியிலோ பள்ளியில் பூஞ்சையைக் ‘கவக்’ என்றோ ‘புர்ஷி’ என்றோ கற்றிருக்கக்கூடும். அவர்கள் இதன் தமிழ்ப் பெயரைக் கேட்டால், “பூஞ்சை என்பது பெயரில் மட்டும்” என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுங்கள். விஞ்ஞானிகள் பெரிதும் ஆராய்ந்துள்ள வகைக்குப் பைசாரம் பாலிசெபாலம் என்று பெயர். பாலிசெபாலம் என்றால் பல தலையுடையது என்று பொருள். தலைதான் பல, மூளையோ, நரம்போ ஒன்றுகூடக் கிடையாது. உள்ளங்கையளவு பரந்தாலும் அது ஒரே உயிரணு. மணிக்கு ஓரிரு சென்டிமீட்டர் ஊர்ந்து செல்லும்.

ஜப்பானில் ஆராய்ச்சியாளர் டோஷியுகி நாககாகியும் அவருடைய தோழர்களும், புதிர்வழியில் இரு மூலைகளில் வைத்த உணவுக்கிடையே இது மிகக் குறுகிய பாதையைக் கண்டுபிடித்ததை 2000-இல் வெளியிட்டனர். 2010-இல், டோக்கியோவைச் சூழ்ந்த ஊர்களின் இடங்களில் ஓட்ஸ் துகள்களை வைத்தபோது, இரயில்பாதைகளுக்கு நிகரானதொரு வலையை இது பின்னியது. இவ்விரண்டுக்கும் சிரிக்கவைத்துப் பின் சிந்திக்கவைக்கும் இக்-நோபல் பரிசு கிடைத்தது. எனக்கு இவற்றினும் வியப்பளிப்பது 2008-இல் வெளியான சோதனை. வெப்பமும் ஈரமும் நிறைந்த சூழலில் ஊர்ந்துகொண்டிருந்த சளிப்பூஞ்சையின்மீது, ஒரு குறித்த கால இடைவெளியில், குளிர்ந்த வறண்ட காற்றைச் சிறிது நேரம் படரவிட்டனர். வேகம் குறைந்தது. இவ்வாறு மும்முறை செய்தனர். நான்காம் முறைக்குரிய நேரம் வந்தபோது ஒன்றும் செய்யாமல் வாளாவிருந்தனர். அப்பொழுதும், எல்லாம் அல்லவாயினும், கணிசமானவை தாமாகவே வேகத்தைக் குறைத்துக்கொண்டன! வராத குளிருக்கு அவை ஆயத்தமாயின. சென்றுபோன மூன்று முறைகள் நான்காவதற்குச் செய்தி அனுப்பிவிட்டன.

இதை ‘நினைவு’ என்று மொழிபெயர்ப்பது தகுமா? மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட எனக்கு இங்கே ஒரு தயக்கம் உண்டு. நினைவு என்ற சொல்லுக்கு நினைப்பவர் ஒருவர் வேண்டும். “மூளையில்லாப் பேரறிவு” என்று பத்திரிகைகள் போடும் தலைப்பு கேட்போரை மயக்குகிறது. ‘சுவடு’ என்ற சொல்லே பொருந்தும் என்பது என் கருத்து. நடந்தவர் போன பின்பும் தரையில் தங்குவது சுவடு. இங்கே அது உவமையுமன்று. சளிப்பூஞ்சை சென்ற இடமெல்லாம் பசைபோன்ற ஒரு படலத்தை விட்டுச் செல்கிறது. மீண்டும் அதைத் தொட்டால் விலகிக்கொள்கிறது. 2012-இல் சிட்னி பல்கலைக்கழகத்தார், உணவுக்குக் குறுக்கே ‘யு’ வடிவத் தடுப்பை வைத்துப் பார்த்தனர். நூற்றுக்கு 96 சளிப்பூஞ்சைகள் தடுப்பைச் சுற்றி உணவை அடைந்தன. தரை முழுவதிலும் முன்கூட்டியே அப்பசையைப் பூசிவைத்தபோது, 33 மட்டுமே அடைந்தன. எங்கும் சுவடாகிவிட்டால் சுவடே இல்லாமற் போகிறதல்லவா!

சுவடு உடலுக்குள்ளும் தங்குகிறது. உணவு கிட்டிய பக்கத்துக் குழாய்கள் பருத்து, ஏனையவை மெலிந்துவிடுகின்றன; அந்தப் பருமனே உணவிருந்த திசையின் பதிவு என்று 2021-இல் ஜெர்மனியில் மிர்னா கிராமரும் காரென் ஆலிமும் விளக்கினர்.

பிரான்சு நாட்டுத் துலூசு நகரில் ஓட்ரி டுசுதூரும் அவர் குழுவினரும் உப்பைக் கொண்டு செய்த சோதனைகளே யாவற்றிலும் விந்தையானவை. சளிப்பூஞ்சைக்கு உப்பு ஆகாது. ஆயினும், உணவை அடைய உப்புப் பாதையைத் தினந்தோறும் கடக்கவைத்தால், சில நாளில் பழகிவிடுகிறது. பழகிய ஒன்றைப் பழகாத ஒன்றோடு ஒட்டவிட்டால், இரண்டும் கலந்து ஓருடலாகின்றன. மூன்று மணி நேரத்தில் இரண்டுக்கும் இடையே ஒரு குழாய் உண்டாகிறது. அதன்பின் பிரித்தாலும், பழகாதது பழகியதைப் போலவே உப்பைக் கடக்கிறது. இது 2016-இல் வெளியானது.

பழகியவற்றை உலர்த்தி, உறங்குநிலையில் ஒரு மாதம் வைத்திருந்து, ஈரமூட்டி எழுப்பியபோதும் அப்பழக்கம் அழியவில்லை என்று 2019-இல் அறிவித்தனர். அதற்குக் காரணமும் கண்டனர்: பழகும்போது உள்ளே ஈர்த்துக்கொண்ட உப்பு உடலிலேயே தங்கியிருந்தது. உப்பையும் நினைவையும் இணைத்துப் பேசும் பழமொழி நம்மிடம் உண்டு. அது நன்றியைப் பற்றியது. இங்கேயோ நினைவென்று சொல்லப்படுவது அந்த உப்பேதான். பழகாத சளிப்பூஞ்சைக்குள் உப்பை நேரே செலுத்தியபோது, அதுவும் பழகியதைப் போலவே நடந்துகொண்டது. உப்பில்லாத இடத்தில் இரண்டு நாள் விட்டுவைத்தால், உப்பு வெளியேறிவிடுகிறது. செய்தியும் அதனோடு போய்விடுகிறது.