எண்ணப்படும் வாக்கும் கேட்கப்படாத குரலும்

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



கொல்லிமலை என்றவுடன் வல்வில் ஓரியும் கொல்லிப்பாவையும் நெஞ்சில் தோன்றுதல் தமிழ் கற்றோர்க்கு இயல்பு. ஓரியின் கொடையை வன்பரணர் புறநானூற்றில் பாடினார். ஓரியைக் கொன்ற காரி அம்மலையைச் சேரனுக்கு அளித்த செய்தியை அகநானூறு கூறுகிறது. மலை கைமாறிய வரலாறு பாட்டில் நிலைபெற்றது. அம்மலையில் உழுது வாழ்ந்தோர் அம்மாற்றத்தைக் குறித்து என்ன எண்ணினர் என்பதை அறிய வழியில்லை. அரசர் காலத்தில் இஃது இயல்பே எனலாம். மக்களாட்சிக் காலத்திலும் அந்நிலை தொடர்வது எங்ஙனம் என்பதே இவ்வுரையின் பொருள்.

நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலையில் எடப்புளி நாடு, வளப்பூர் நாடு, அரியூர் நாடு, தின்னனூர் நாடு, குண்டூர் நாடு எனப் பதினான்கு நாடுகள் உள்ளன. மலையாளிகள் எனப்படும் பழங்குடியினரே அங்குப் பெரும்பான்மையர். அவர் பேசுவது தமிழ்; காஞ்சியிலிருந்து மலையேறியோர் வழியினர் என்பது அவர்தம் வழிவழிக் கதை. ஊர்க் கவுண்டரும் நாட்டுப் பெரியோரும் கூடி அமர்ந்து வழக்குத் தீர்ப்பது அவர் மரபு. அக்கூட்டங்களில் பெண்டிர்க்கு இடமில்லாமை ஒரு குறையே. ஆயினும், வழக்குடையோன் தன் வாயால் தன் குறையைச் சொல்லவும், அதனைக் கேட்டோர் அவனுக்கு எதிரே விடை கூறவும் அங்கு வழியிருந்தது.

1946 டிசம்பரில் அரசியல் நிர்ணய சபையில் எழுந்து பேசிய செய்பால் சிங், பழங்குடி மக்களுக்கு மக்களாட்சியைக் கற்பிக்க வேண்டுவதில்லை, அவர்களிடமிருந்தே அதனைக் கற்க வேண்டும் என்னும் கருத்தை அறிவுறுத்தினார். 1928 ஒலிம்பிக்கில் இந்திய ஹாக்கி அணிக்குத் தலைமை தாங்கிய முண்டா இனத்தவர் அவர். அவர் கருத்தை நாடு எந்த அளவுக்கு ஏற்றது?

முதலில் சட்டமன்றத்தைக் காண்போம். தமிழகத்தின் 234 தொகுதிகளுள் பழங்குடியினர்க்கு ஒதுக்கப்பெற்றவை ஏற்காடு, சேந்தமங்கலம் என்னும் இரண்டே. 2008ஆம் ஆண்டுத் தொகுதி மறுவரையறைக்கு முன் உப்பிலியபுரமும் சேர்ந்து மூன்று இருந்தன. தமிழகத்தின் 39 மக்களவைத் தொகுதிகளில் பழங்குடியினர்க்கெனத் தனித்தொகுதி ஒன்றும் இல்லை. கொல்லிமலை சேந்தமங்கலம் தொகுதியில் அடங்கும். ஆனால், அத்தொகுதி வாக்காளருள் பெரும்பாலோர் சமவெளியினர். எடப்புளி நாட்டு மக்கள் ஒருவர் விடாது வாக்களித்தாலும், மலை முழுதும் அவரோடு சேர்ந்து வாக்களித்தாலும், வெற்றி தோல்வியை முடிவு செய்வோர் மலையடிவாரத்தில் உள்ளோரே. வேட்பாளர் பழங்குடியினராதல் வேண்டும் என்பது சட்டம். அவர் மலையின் சொல்லுக்குச் செவிசாய்த்தல் வேண்டும் என்னும் கட்டாயம் தேர்தல் கணக்கில் இல்லை.

அரசியலமைப்பின் ஐந்தாம் அட்டவணை பழங்குடியினர்க்குச் சில காப்புகளை அளிக்கிறது. தமிழகத்தில் எப்பகுதியும் அவ்வட்டவணைக்குரிய பகுதியாக அறிவிக்கப்பெறவில்லை. ஆதலின், பழங்குடிக் கிராம சபைகளுக்குச் சிறப்பு அதிகாரம் வழங்கும் 1996ஆம் ஆண்டுச் சட்டம் கொல்லிமலைக்குப் பொருந்துவதில்லை.

எஞ்சியது ஊராட்சி. நாடுகள் பதினான்கும் பதினான்கு ஊராட்சிகளாயின. பழைய நாட்டெல்லைக்குப் புதிய மன்றம் கிடைத்தது. மரபுக் கூட்டத்தில் இடம்பெறாத பெண்களும் ஒதுக்கீட்டின் வழியே தலைமையேற்க வாய்ப்பு வந்தது. ஆனால், 2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்தபின் 2019 டிசம்பர் வரை தேர்தல் நடைபெறவில்லை. தனி அலுவலர்களே நிருவகித்தனர். 2019இல் தேர்ந்தெடுக்கப்பெற்றோர் பதவிக்காலம் 2025 சனவரி 5இல் முடிவுற்றபோது மீண்டும் தனி அலுவலர் கைக்கே பொறுப்பு சென்றது. நகரத்தார்க்குக் குறையுரைக்க வேறு வாயில்கள் பல உண்டு. மலைநாட்டார்க்கு அருகில் இருந்த வாயில் இஃது ஒன்றே.

இக்குறை நம் நாட்டிற்கு மட்டும் உரியதன்று. மக்களாட்சிக்கு எடுத்துக்காட்டாகக் கூறப்பெறும் அமெரிக்காவின் தொல்குடியினர் அனைவரும் 1924இல்தான் குடியுரிமை பெற்றனர். அதன் பின்னரும் அரிசோனா, நியூ மெக்சிகோ மாநிலங்களில் வாக்குரிமைக்கு இருந்த தடை 1948இல்தான் நீங்கியது. யூட்டா மாநிலத்துச் சான் யுவான் கவுண்டியில் நவாகோ மக்கள் ஏறத்தாழப் பாதியினர். தொகுதி எல்லைகள் வகுக்கப்பெற்ற முறையால் ஆட்சிக்குழுவில் அவர் சிறுபான்மையராகவே இருந்துவந்தனர். நீதிமன்றம் தலையிட்டு எல்லைகளை மாற்றிய பின், 2018 தேர்தலில்தான் மூன்று இடங்களுள் இரண்டு அவர்க்குக் கிடைத்தன. வாக்குரிமை வந்தபின்னும் அங்குக் கோடு கிழிப்போர் கையிலேயே அவர்தம் குரல் இருந்தது.

செய்தித்தாள்களின் நிலையும் எண்ணத்தக்கது. அமெரிக்க நகரங்களில் நிகழ்ந்த கலவரங்களை ஆராய்ந்த கெர்னர் குழு, 1968இல் தன் அறிக்கையில், பத்திரிகைகள் வெள்ளையர் கண்கொண்டே உலகைக் காண்கின்றன எனக் குறை கூறியது. அதன்பின், 1978இல் அந்நாட்டுப் பத்திரிகை ஆசிரியர் சங்கம், 2000ஆம் ஆண்டிற்குள் செய்தி அறைகளில் சிறுபான்மையர் பங்கு மக்கள்தொகைக்கு ஈடாதல் வேண்டும் என இலக்கு வகுத்தது. இலக்கு நிறைவேறவில்லை, ஆனால், குறையை எண்ணிப் பார்க்கும் வழக்கமேனும் அங்கு உண்டாயிற்று. இந்தியாவில் 2006இல் யோகேந்திர யாதவ் முதலியோர் தில்லி ஊடகங்களில் முடிவெடுக்கும் நிலையில் இருந்த 315 பேரை ஆராய்ந்தனர். அவருள் தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர் ஒருவரும் இலர்.

இதனால் விளையும் தீங்கு யாது? சித்தேரி மலையடிவாரத்து வாச்சாத்தி விடை கூறும். அங்கு வாழ்வோரும் மலையாளிகளே. 1992 சூன் 20ஆம் நாள், சந்தனக் கட்டை தேடுவதாகக் கூறி வனம், காவல், வருவாய்த் துறையினர் அவ்வூரில் புகுந்தனர். மக்கள் அடிபட்டனர், வீடுகள் சிதைக்கப்பட்டன, 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாயினர். அரசுத் தரப்பு நிகழ்ந்ததையே மறுத்தது. மலைவாழ் மக்கள் சங்கத்தினரும் மார்க்சிஸ்ட் கட்சியினரும் அம்மக்களின் சொல்லை வெளிக்கொணர்ந்து நீதிமன்றம் சென்றனர். உயர்நீதிமன்ற ஆணையால் 1995இல் மத்தியப் புலனாய்வுத் துறை வழக்கை ஏற்றது. குற்றம் சாட்டப்பெற்ற 269 பேருள் இறந்தோர் 54 பேர் நீங்க, 215 பேர்க்கு 2011இல் தண்டனை விதிக்கப்பெற்றது. 2023 செப்டம்பரில் உயர்நீதிமன்றம் அதனை உறுதி செய்தது. முதல் நாளிலிருந்து அப்பெண்கள் கூறியது ஒன்றே. அதனை உண்மையென ஏற்க இந்நாட்டிற்கு 31 ஆண்டுகள் ஆயின. வாச்சாத்தி மக்களுக்கும் வாக்கு இருந்தது என்பதை மறத்தலாகாது.

வாக்கு எண்ணப்படுவதனாலேயே குரல் கேட்கப்பட்டதாகாது என்பது இவற்றால் புலனாம். மலையின் பெரும்பான்மைக்கு மதிப்பளிக்கும் தொகுதி எல்லை வேண்டும். தடையின்றி நடைபெறும் ஊராட்சித் தேர்தல் வேண்டும். கிராம சபைக்கு அதிகாரம் வேண்டும். இவை அரசின் கடன்.

இலக்கிய அமைப்புகளுக்கும் ஒரு கடன் உண்டு. கொல்லிமலையைப் பற்றி இன்று அச்சேறுவன பெரும்பாலும் ஆகாயகங்கை அருவி, கொண்டை ஊசி வளைவுகள், சித்தர் குகைகள் என்பனவே. சாமையும் கேழ்வரகும் விளைந்த நிலத்தில் மரவள்ளி பரவியதால் வந்த இலாப நட்டம், மிளகின் விலை, காட்டு நிலத்திற்கு உரிமைச் சீட்டு, பள்ளிக்கு நடக்கும் தொலைவு ஆகியவை பற்றி அங்குள்ளோர் தம் சொல்லால் கூறுவன ஏட்டில் ஏறுவதில்லை. எடப்புளி நாட்டு முதியவளின் பேச்சு கொச்சையென ஒதுக்கத்தக்கதன்று, அதுவும் தமிழே. அதனைச் சென்று கேட்டு, திருத்தாமல் எழுதி, சொன்னவரிடமே படித்துக் காட்டி, அவர் இசைவோடு வெளியிடும் பணியை இவ்வட்டம் தன் அடுத்த பத்தாண்டுகளில் மேற்கொள்ளுமாயின், சங்கப் புலவர் பாடாது விட்ட பகுதியைத் தமிழ் தன் பங்கிற்கு நிறைவு செய்ததாகும்.