மாசியில் நட்ட கிழங்கு

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)



வீட்டுத்தோட்டம் பற்றி பத்து நிமிஷம் பேசச் சொன்னார்கள். குழுக் கூட்டத்தில் வரவு செலவு வாசித்ததைத் தவிர எனக்கு பேசிப் பழக்கமில்லை. தப்பு வந்தால் பொறுத்துக்கோங்க.

நான் இந்த மாவட்டத்துக்காரி இல்லை. கோவில்பட்டி பக்கம் கரிசல் காட்டு ஊர். 1999-ல் பூதப்பாண்டி பக்கத்துக்கு வாக்கப்பட்டு வந்தேன். எங்க ஊரில் மாமியாரை அத்தை என்போம். இங்கே மாமி என்றார்கள். மரவள்ளிக் கிழங்கை மரச்சீனி என்றார்கள். பலாப்பழத்தைச் சக்கை என்றார்கள். அடுக்களையில் என்ன எடுக்கச் சொல்கிறார்கள் என்று விளங்காமல் முழித்துக்கொண்டு நிற்பேன். தெருவில் எனக்குப் பேர் கிடையாது. "அந்த கோவில்பட்டிக்காரி" என்றுதான் சொல்வார்கள்.

வீட்டுக்குப் பின்னால் பத்து சென்ட் இடம் உண்டு. வந்த முதல் வருஷம் வைகாசி கடைசியில் மழை பிடித்தது. எங்க ஊரில் அந்த மாசம் மழைக்காகக் கும்பிட்டாலும் கிடைக்காது. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. மழை என்றால் விதைப்பு, அதுதானே கரிசல் காட்டுப் பழக்கம்? அம்மா முடிந்து கொடுத்துவிட்ட மிளகாய், தக்காளி, வெண்டை விதையெல்லாம் தூவினேன். பத்து நாள் விடாமல் பெய்தது. பாதி விதை வாய்க்காலோடு போனது. முளைத்ததும் அழுகிப் போனது. நான் உட்கார்ந்து அழுதேன்.

மாமி வந்து பார்த்தாங்க. "மக்களே, இந்த மழைக்கு வெதைக்கப்பிடாது. இது வருமுன்னே கெழங்கு வேரு புடிச்சு நிக்கணும்" என்றாங்க. அன்றைக்குத் தொடங்கியது என் பாடம்.

நம்ம மாவட்டத்துக்கு ரெண்டு மழை. இங்கேயே பிறந்த உங்களுக்கு இது பெரிய விஷயமாகத் தெரியாது. வந்தவளுக்குத்தான் அதன் அருமை தெரியும். வைகாசி பாதியில் வருகிற இடவப்பாதி ஒன்று. ஐப்பசியில் சாயங்காலம் இடி மின்னலோடு வருகிற துலா மழை இன்னொன்று. அதனால்தான் நம்ம வயலில் ரெண்டு பூ: கன்னிப்பூ, கும்பப்பூ. பூ என்றால் போகம். கன்னி மாசம், அதாவது புரட்டாசியில் அறுப்பது கன்னிப்பூ. கும்ப மாசம், அதாவது மாசியில் அறுப்பது கும்பப்பூ. 1956 நவம்பர் 1-ஆம் தேதி வரை நாம் திருவிதாங்கூரோடும் திருவிதாங்கூர் கொச்சியோடும் இருந்தோம். ராஜ்ஜியம் மாறின பிறகும் வயல் பழைய மாசப் பேரை விடவில்லை.

புறவாசல் தோட்டமும் அந்தக் கணக்கில்தான் ஓடும் என்று மாமி சொல்லித் தந்தாங்க. மாசியில் சேனை, காய்ச்சில் நடணும். கோடை மழை ரெண்டு கிடைத்ததும் சித்திரையில் மரச்சீனிக் கம்பு ஊன்றணும். இடவப்பாதி வரும்போது எல்லாம் வேர் பிடித்திருக்கும். ஆனி, ஆடியில் ஆரல்வாய்மொழிக் கணவாயில் அடிக்கிற காற்று உங்களுக்குத் தெரியும். முப்பந்தலில் காற்றாலை சும்மா நிற்கவில்லை. அதற்கு முந்தியே வாழைக்கு முட்டு கொடுத்திருக்கணும். கன்னிப்பூ அறுத்ததும் வைக்கோல் வாங்கி மூட்டில் போடணும். தை, மாசியில் வெயில் தெளிந்ததும் பயறு, வெள்ளரி, தடியங்காய். தண்ணீர் நாம் ஊற்றுகிற காலம் என்பதால் காய்கறி அழுகாது.

மரச்சீனியைப் பற்றி மாமி ஒரு கதை சொல்வாங்க. ரெண்டாம் உலகப்போர் சமயம் பர்மா அரிசி நின்றுபோனபோது திருவிதாங்கூரில் எத்தனையோ வீட்டில் அடுப்பு எரிந்தது மரச்சீனியால்தான். மாமியின் அம்மா அதைத் தின்று பிள்ளை வளர்த்தவங்க. அந்தக் கிழங்கு இந்த மண்ணுக்கு உரியது என்றுதான் நினைத்திருந்தேன். அது தென் அமெரிக்காவிலிருந்து வந்தது என்றும், 1880-களில் விசாகம் திருநாள் மகாராஜா அதைப் பயிர் செய்ய ஊக்கம் கொடுத்தார் என்றும் பிறகு ஒரு பயிற்சி வகுப்பில் தெரிந்துகொண்டேன். வீட்டுக்கு வந்து மாமியிடம், "உங்க மரச்சீனியும் என்னை மாதிரி வாக்கப்பட்டு வந்ததுதான்" என்றேன். மாமி சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது.

இனி எனக்கு வந்த சோதனையைச் சொல்கிறேன். 2004-ல் குழுவில் சேர்ந்தேன். பத்து வருஷம் கழித்து எனக்கு ஒரு ஆசை வந்தது. கிழங்கில் என்ன காசு கிடைக்கும்? பத்து சென்ட் முழுதும் செந்துளுவன் வாழை வைத்தால் பொங்கல் சந்தைக்கு நல்ல விலை போகுமே என்று கணக்குப் போட்டேன். மாமி ஒத்துக்கொள்ளவில்லை. "எல்லாத்தையும் மேல வைக்காதே மக்களே. கொஞ்சம் மண்ணுக்குள்ள கெடக்கட்டு" என்றாங்க. எங்களுக்குள் ரெண்டு நாள் பேச்சில்லை. கடைசியில் ஆறு சென்ட் எனக்கு, நாலு சென்ட் மாமி கிழங்குக்கு, ஓரத்தில் நின்ற மட்டி வாழை மூட்டைத் தொடக்கூடாது என்று முடிவானது. குழுவில் 10,000 ரூபாய் உள்கடன் எடுத்தேன். 2016 ஆவணியில் 60 கன்று வைத்தேன். அந்த வருஷம் ஐப்பசி மழையும் ஏமாற்றியது. கிணற்றிலிருந்து குடம் குடமாகச் சுமந்து ஊற்றிக் காப்பாற்றினேன். அடுத்த கார்த்திகையில் முக்கால்வாசி வாழை குலை தள்ளி நின்றது.

2017 நவம்பர் 30. வியாழக்கிழமை. ஒக்கி.

அந்த நாளை இங்கே யாருக்கும் நான் விளக்க வேண்டாம். கடற்கரை ஊர்களிலிருந்து வந்திருக்கிற அக்காமார் வீட்டில் நடந்ததோடு வைத்துப் பார்த்தால் என் நஷ்டம் ஒரு நஷ்டமே இல்லை. அன்று கடலுக்குப் போய்த் திரும்பாதவர்களை நினைத்துக்கொண்டுதான் இதைச் சொல்கிறேன். காற்று நின்ற பிறகு புறவாசல் கதவைத் திறந்தேன். 60 வாழையில் ஒன்றுகூட நிற்கவில்லை. முருங்கை கிணற்றுக்குள் கிடந்தது. பலா மதில் மேல் சாய்ந்திருந்தது. முதல் தடவையாக எனக்கு, எல்லாத்தையும் விட்டுட்டு கோவில்பட்டிக்கே போய்விடலாம் என்று தோன்றியது.

மாமி ஒன்றும் பேசவில்லை. மண்வெட்டியை எடுத்துக்கொண்டு நாலு சென்ட்டுக்குப் போனாங்க. சேனைத்தண்டு கார்த்திகையில் தானாகவே வாடி விழுந்துவிடும். காற்று பிடித்து ஆட்டுவதற்கு அங்கே மேலே ஒன்றுமில்லை. கிழங்கு முழுசாக மண்ணுக்குள் இருந்தது. மரச்சீனிக் கம்பெல்லாம் சாய்ந்திருந்தது, கிழங்குக்குச் சேதமில்லை. ஆனால் பிடுங்கின மரச்சீனி ரெண்டு மூணு நாளுக்கு மேல் தாங்காது. அதனால் தெரு முழுக்கக் கொடுத்தோம். கரண்டு இல்லை, சந்தை இல்லை. விழுந்த வாழை மட்டையை ஒதுக்கி, விறகு மூட்டி, பெரிய பானையில் கிழங்கு அவித்து, அந்தத் தண்ணீரை வடித்துக் கொட்டிவிட்டு, காந்தாரி மிளகாய் அரைத்து எல்லாரும் சாப்பிட்டோம். அன்றைக்குத்தான் தெருவில் ஒரு பெரியம்மா என்னை முதல் தடவை பேர் சொல்லிக் கூப்பிட்டாங்க.

கடன் இருந்தது. அடுத்த குழுக் கூட்டத்தில் தவணை கட்ட முடியாது என்று சொன்னேன். ரெண்டு பேர் எழுந்து, "காற்று எல்லார் வீட்டிலும்தான் அடித்தது, இவளுக்கு மட்டும் என்ன சலுகை?" என்று கேட்டார்கள். அவர்கள் கேட்டது நியாயம். அவர்கள் போட்ட சேமிப்பிலிருந்துதானே எனக்குக் கடன் வந்தது? அரை மணி நேரம் பேசினோம். பயிர் இழந்த யாராக இருந்தாலும் ஆறு மாசம் வட்டி மட்டும் கட்டினால் போதும், அதற்குப் பிறகு அசல் என்று தீர்மானப் புத்தகத்தில் எழுதி எல்லாரும் கையெழுத்துப் போட்டோம். கேள்வி கேட்ட ரெண்டு பேரில் ஒரு அக்கா அடுத்த வாரம் பத்து வாழைக்கன்றைத் தலையில் சுமந்து கொண்டுவந்து என் வாசலில் இறக்கினாங்க. அதையும் மறக்கக்கூடாது.

விழுந்த வாழைமூட்டிலும் கன்று வெடித்தது. மட்டி மூட்டில் மூணு கன்று. நம்ம வீட்டில் குழந்தைக்கு முதல் முதலில் மசித்துக் கொடுக்கிற அந்த மட்டிக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. செய்தி வந்தபோது எனக்கு மாமியின் பிடிவாதம்தான் ஞாபகம் வந்தது. கடனை 2019-ல் முழுதும் அடைத்தேன்.

மாமி இப்போது இல்லை. போன மாசியில் பக்கத்து வீட்டுக்குப் புதுசாக வாக்கப்பட்டு வந்த பெண் மதில் பக்கம் வந்து நின்று, "மாமி, சேனை எப்ப நடணும்?" என்று கேட்டாள். என்னைத்தான் கேட்டாள். எனக்குக் கொஞ்ச நேரம் பேச்சு வரவில்லை. பத்திரத்தில் அந்த இடம் இன்னும் என் பேரில் இல்லை. ஆனால் எந்த மாசம் எந்தப் பக்கம் தண்ணீர் தேங்கும், எந்த மூலையில் காற்று திரும்பும் என்று எனக்குத் தெரியும். நான் இந்த ஊர்க்காரிதான் என்று அன்றைக்கு எனக்கு உறுதியானது.

சகோதரிகளே, ரெண்டே ரெண்டு கோரிக்கை வைத்து முடிக்கிறேன். இப்போது நிறைய வீட்டில் புறவாசலை முழுக்க சிமென்ட் கல் பாவி மூடுகிறார்கள். கூட்டுவதற்கு சுலபம்தான். ரெண்டு சென்ட்டாவது மண்ணாக விடுங்கள். விற்கிறதற்கு என்ன நட்டாலும் அதில் ஒரு பங்கு மண்ணுக்குள் விளைகிறதாக இருக்கட்டும்.

ரெண்டாவது, நம்ம ஒவ்வொரு குழுவிலும் சேமிப்பு நோட்டு இருப்பதுபோல ஒரு தோட்ட நோட்டும் வைப்போம். மழை எந்தத் தேதி வந்தது, என்ன நட்டோம், என்ன பிழைத்தது என்று எழுதுவோம். மலையோரத்துக் கணக்கு கடற்கரைக்குப் பொருந்தாது. அவரவர் ஊர்க் கணக்கை அவரவர் எழுதணும். மாசி மாசக் கூட்டத்துக்கு வரும்போது ஆளுக்கு ஒரு கிழங்கு, ஒரு கைப்பிடி விதை கொண்டுவாங்க. நான் இந்த வருஷம் சேனை கொண்டுவருவேன்.