பெயருக்குப் பொருள் எங்கே பார்ப்பது?

புளியந்தோப்பில் திருமுழுக்குக்குப் பதிய வரும் இளம் பெற்றோரிடம் பெயருக்கு அர்த்தம் கேட்டால், கைப்பேசியைக் காட்டுகிறார்கள். அதில் எல்லாப் பெயருக்கும் இனிப்பான அர்த்தம்தான்! 'மாரா' கேட்க அழகுதான். ஆனால் ரூத்து நூல் முதல் அதிகாரத்தில், கணவரையும் இரு மகன்களையும் பறிகொடுத்த நகோமி தமக்கு இட்டுக்கொண்ட பெயர் அது. கசப்பு என்று பொருள். பிள்ளை அதை ஆயுளுக்கும் சுமக்க வேண்டுமே!

தாத்தாவின் 'ராயப்பன்' மட்டும் பழசாம். ராயபுரத்துக்கே பெயர் தந்தவரல்லவா ராயப்பர்! ராயர், அரசர் என்று நினைத்துக்கொள்கிறோம்; அதுவல்ல. தெலுங்கில் ராயி என்றால் கல். கேபா, பேதுரு, ராயப்பர் எல்லாம் அந்தப் பாறைதான். பவுல் என்றால் இலத்தீனில் சிறியவர், அதனால் சின்னப்பர்.

திருச்சபைச் சட்டம் 855 பெற்றோர், ஞானப்பெற்றோர், பங்குத்தந்தை எல்லாரையும் பெயரில் கவனம் கொள்ளச் சொல்கிறது. பிறப்புச் சான்றிதழில் பெயர் ஏறுமுன் விவிலியத்தோடு வாருங்கள், சேர்ந்தே பார்ப்போம்.