குழிக்குள் 74 பேர்



தெற்கு ஈராக்கில் ஒரு பழைய நகரம். அதன் பெயரே ஊர். 1922 முதல் 1934 வரை லியோனார்ட் வூலி அங்கே அகழாய்வு நடத்தினார். அரச கல்லறைகளில் ஒரே குழியில் 74 பேரின் எலும்புகள். அதில் 68 பேர் பெண்கள். சுமார் 4500 வருஷத்துக்கு முன்னால் எஜமானின் சாவுக்குத் துணையாகப் புதைக்கப்பட்ட பணியாட்கள்.

வூலி என்ன சொன்னார்? பக்கத்தில் கிண்ணங்கள் கிடந்தன. ஆகவே விஷம் குடித்து அமைதியாகச் செத்தார்கள் என்றார். நாம கேட்டுப் புளிச்ச கதைதான்: 'அவங்களா விரும்பித்தான் செஞ்சாங்க.'

2009இல், அந்தக் குழியின் ஒரு பெண், வேறொரு கல்லறையின் ஒரு காவலாள், இருவரின் மண்டையோடுகளை சி.டி. ஸ்கேன் செய்த முடிவு வெளிவந்தது. கூரான ஆயுதத்தால் அடித்த ஓட்டைகள். இரண்டை வைத்து 74 பேருக்கும் தீர்ப்பு எழுத முடியாதுதான். பேங்க்ல கணக்கு எழுதுறவன் நான், அதில் கறார். ஆனா கிண்ணத்தைக் காட்டி 74 பேருக்கும் சம்மதக் கையெழுத்து போட்டது மட்டும் செல்லுமா?

ஒரு பெண்ணின் தலையில் இருக்கவேண்டிய வெள்ளி நாடா, சுருட்டியபடியே அவள் இடுப்பருகே கிடந்தது. கட்டிக்கொள்ள நேரமில்லை போலும் என்று வூலியே எழுதினார்.

சம்மதம்னு யார் சொன்னாலும், யார் கேட்டது, யார் பதில் சொன்னதுன்னு கேளுங்க தோழர்களே.