தறி எப்போது நிற்கும்?

தோழர்களே, நான் காஞ்சிபுரத்து நெசவாளர் வீட்டுப் பிள்ளை. எங்கள் தெருவில் சாவு விழுந்தால் அன்றைக்குத் தறி ஓடாது. பக்கத்துச் சேரியில் சாவு விழுந்த நாட்களில் தறிச்சத்தம் கேட்டுக்கொண்டேதான் இருந்தது. எங்கள் வீட்டிலும்தான்.

1968 டிசம்பர் 25 இரவு, அன்றைய தஞ்சை மாவட்டத்துக் கீழ்வெண்மணியில் 44 தலித்துகளைக் குடிசையோடு எரித்தார்கள். பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள். கூலி உயர்த்திக் கேட்ட குடும்பங்கள். நாற்பதாம் நாள், 1969 பிப்ரவரி 3, எங்கள் ஊர் அண்ணா மறைந்தார், தமிழ்நாடே அழுதது. அந்த அழுகையைச் சொல்லிச் சொல்லியே என்னை வளர்த்தார்கள். வெண்மணி என்ற பேரை நான் கேட்டதோ ஆய்வுக்கு வந்த பிறகுதான். 1973இல் உயர்நீதிமன்றம் பண்ணையார்களை விடுவித்ததும் அப்போதுதான் தெரிந்தது.

செய்தி கேட்டு வெண்மணிக்குப் போன கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதன், துக்கம் விசாரித்துவிட்டுத் திரும்பிவிடவில்லை. அந்த வட்டாரத்திலேயே தங்கி வேலை செய்தார். அவரும் தலித் பெண். 1981இல் லாஃப்டி அமைப்பைத் தொடங்கி, நிலம் வாங்கி, கூலிப் பெண்களின் பேரில் பதியவைத்தார். காந்தியவாதி என்று நம்மில் சிலர் முகம் சுளிக்கலாம். பத்திரம் பத்திரம்தான், தோழர்களே.

டிசம்பர் 25இல் வெண்மணி நினைவிடத்துக்குப் போக வேன் பிடிக்கலாம் என்று பேசிக்கொண்டிருக்கிறோம். போவோம். அதற்கு முன்னால், இனி சேரியில் ஒரு சாவென்றால் எங்கள் வீட்டுத் தறியை நிறுத்திவிட்டு அங்கே போவதாக இருக்கிறேன். அப்பாவிடம் இன்னும் சொல்லவில்லை.