ஜாக்சன் துரையாக வந்தவர்



குணச்சித்திர நடிகர் ஒருவரைப் பற்றிப் பேசச் சொன்னதும், வி.கே.ராமசாமியைத்தான் எடுத்துக்கொள்வேன் என்று பலரும் நினைத்திருப்பீர்கள். விருதுநகர்க்காரர், நம் பக்கத்து அண்ணாச்சி. 1947இல் 'நாம் இருவர்' படத்திலேயே, மீசை முளைத்த வயதில், கிழவர் வேடம் கட்டியவர். அவரைப் பற்றிப் பேச ஆள் இருக்கிறது. 1959இல் பி.ஆர்.பந்துலு எடுத்த 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்தில் அண்ணாச்சி எட்டப்பன். அதே படத்தில் ஜாக்சன் துரையாக வந்த சி.ஆர்.பார்த்திபனைப் பற்றிப் பேசத்தான் ஆளில்லை.

வெள்ளைக்காரத் துரை என்றதும் தமிழ்நாட்டில் பலருக்கும் நினைவில் எழும் முகம் ஒரு தமிழருடையது. அதே படத்தில் இன்னொரு வெள்ளைக்காரர் பானர்மேனாக வந்த ஜாவர் சீதாராமனும் தமிழர்தான். ஆனால் அவர் கதை, வசனம் என்றும் பெயர் எடுத்தார். பார்த்திபனுக்கு ஜாக்சன் ஒன்றே நிலைத்தது.

உண்மையான ஜாக்சன் கிழக்கிந்தியக் கம்பெனியின் கலெக்டர். 1798இல் கட்டபொம்மன் வைத்திருந்த வரிப் பாக்கி 1080 வராகன். பேட்டிக்கு வரச் சொல்லிவிட்டு, குற்றாலத்தில் பார்க்கவில்லை, ஸ்ரீவில்லிபுத்தூரிலும் பார்க்கவில்லை. 23 நாளில் 400 மைல் அலைக்கழித்தார். பாவாலி, பள்ளிமடை, கமுதி என்று போகிறது அந்த வழி. பாவாலியிலிருந்து கமுதிக்குப் போகிறவன் நம் கரிசலை மிதிக்காமல் போக முடியாது. செப்டம்பர் மாதம், மானாவாரிக் காடு மழைக்கு வாய் பிளந்து கிடக்கும் நேரம். கடைசியில் செப்டம்பர் 19 அன்று இராமநாதபுரத்தில் பேட்டி. மூன்று மணி நேரம் நிற்க வைத்தார். கைகலப்பில் லெப்டினன்ட் கிளார்க் செத்தார். பிறகு கம்பெனியே ஜாக்சனைப் பதவியிலிருந்து இறக்கியது.

படத்தில் ஜாக்சனிடம் கட்டபொம்மன் முழங்கும், நாம் மனப்பாடம் செய்த அந்த வசனம் சக்தி டி.கே.கிருஷ்ணசாமி எழுதியது. வரலாற்றில் நின்றுகொண்டிருந்தவனுக்குப் படத்தில் வாய் கொடுத்தார் அவர். கட்டபொம்மனாக சிவாஜி அதைப் பொழிகிறபோது எதிரில் இருப்பவரைக் கவனித்துப் பாருங்கள். அந்த இடத்தில் பார்த்திபன் கொஞ்சம் கோமாளித்தனம் காட்டியிருந்தால் போதும், அரங்கு சிரித்திருக்கும். வீரம் அங்கேயே செத்திருக்கும். அவர் கடைசிவரை அதிகாரியாகவே இருக்கிறார். கேள்வி கேட்கத் தனக்கு உரிமை உண்டு என்று மனதார நம்பும் அதிகாரி. தாலுகா ஆபீஸ் வாசலில் மனுவோடு நின்றிருக்கிற நமக்கு அந்த முகம் அந்நியமில்லை. சிவாஜியின் குரல் மோதுவதற்கு அங்கே ஒரு சுவர் இருக்கிறது. அது பார்த்திபன் கட்டியது. படத்தில் சிவாஜிக்கு அடுத்த சாதனை அதுதான் என்பது என் கட்சி. அதே படத்தில் நடித்த ஜெமினியின் ரசிகர்கள் சண்டைக்கு வரலாம்.

பார்த்திபன் வேறு பல படங்களிலும் நடித்தார். எதுவும் ஒட்டவில்லை. 2021இல் அவர் மறைந்தபோதும் ஜாக்சன் துரை என்றுதான் செய்தி வந்தது. அதற்கு ஐந்து வருடம் முன்பு ஒரு பேய்ப் படத்துக்கே 'ஜாக்சன் துரை' என்று பெயர் வைத்தார்கள். பெயருக்கு இருந்த செல்வாக்கு ஆளுக்கு வரவில்லை.

நம் பள்ளிகளில் மாறுவேடப் போட்டி வைக்கிறீர்கள். அட்டைக் கிரீடம், மையால் வரைந்த மீசை, பெரியப்பா வேட்டியில் தைத்த உடை. பிள்ளை கட்டபொம்மனாக மைக்கைப் பார்த்து முழங்குகிறது. எதிரில் யாருமில்லை, யாரிடம் கேட்கிறோம் என்று அதற்கும் தெரியவில்லை, நமக்கும் தெரியவில்லை. கைதட்டி அனுப்பிவிடுகிறோம்.

அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரத்து ஆசிரியர்கள் சிலர் இங்கே இருக்கிறீர்கள். அடுத்த ஆண்டுவிழாவில் எதிரே ஒரு நாற்காலி போட்டு, ஒரு பிள்ளையை ஜாக்சனாக உட்கார வையுங்கள். நன்றாகக் கேட்டால் அந்தப் பிள்ளைக்கும் ஒரு பரிசு கொடுங்கள்.